கிழமைக் காசும் கமராவும்

நிதி மோசடி என்றால் எங்கள் நாட்டுத் தொலைக்காட்சிகளுக்குக் கொழும்புதான் நினைவுக்கு வரும். 2008 டிசெம்பரில் கோல்டன் கீ கிரெடிட் கார்ட் கம்பனி கவிழ்ந்தபோது வைப்பாளர்கள் வீதியில் நின்று அழுததைத் தெற்கில் வீட்டுக்கு வீடு பார்த்தார்கள். நாங்கள் பார்க்கவில்லை. அந்த மாதம் எங்கள் முள்ளியவளைச் சனம் வீடுவாசலை விட்டு இடம்பெயர்ந்துகொண்டிருந்தது. பிறகு, 2015 பெப்ரவரி 27ஆம் திகதி நடந்த மத்திய வங்கிப் பிணைமுறி ஏலத்தை ஜனாதிபதி ஆணைக்குழு விசாரித்தபோது, 2017 முழுக்க அதுவே தலைப்புச் செய்தியாக இருந்தது. இரண்டும் மக்களுக்குத் தெரிந்திருக்க வேண்டிய செய்திகள்தான். ஆனால் அந்த ஆண்டுகளில் வன்னியில் கமராவோடு திரிந்த என் கண்முன்னே நடந்த அநியாயம் கோடிக் கணக்கில் நடக்கவில்லை. கிழமைக்கு 1,250 ரூபா நுண்கடன் தவணையாக, ஒரு மாமரத்தின் கீழ், பிளாஸ்டிக் கதிரையில் இருந்த ஒரு பெடியனின் கையில் அது எண்ணிக் கொடுக்கப்பட்டது.

இதை ஒரு புலனாய்வுச் செய்தியாக்குவது ஏன் கடினம் என்பதிலிருந்து தொடங்குகிறேன். பிணைமுறிக்கு ஒரு நாள் இருந்தது, ஓர் ஏலம் இருந்தது, பெயர் சொல்லக்கூடிய ஆட்கள் இருந்தார்கள். நுண்கடனில் அப்படி ஒரு நாள் இல்லை. யாரும் ஓடி ஒளியவில்லை. எந்தக் கம்பனியும் கதவை மூடவில்லை. எல்லாம் கையொப்பத்தோடு, பற்றுச்சீட்டோடு நடந்தது. கடன் வாங்கிய பெண்கள்கூட, "நாங்கள்தானே பிள்ளை கையெழுத்து வைச்சனாங்கள்" என்று சொல்லி, தவறு தங்களுடையது என்றே நம்பியிருந்தார்கள். பாதிக்கப்பட்டவரே முறைப்பாடு இல்லை என்று சொல்லும் இடத்தில் ஒரு செய்தியாளர் என்ன செய்வது? அவரை அழவைத்துப் படம் எடுக்கலாம். அல்லது அவர் வைத்திருக்கும் காகிதத்தை வாசிக்கலாம். நான் இரண்டாவதைத்தான் என் தொழிலாகக் கொண்டேன்.

கடன் எப்படி ஊருக்குள் வந்தது என்பதையும் சொல்ல வேண்டும். செட்டிகுளம் முகாம்களிலிருந்து நாங்கள் திரும்பி வந்தபோது வீடு இல்லை, கிணறு தூர்ந்திருந்தது, மாடு இல்லை, வயலில் கண்ணிவெடி எடுத்து முடியவில்லை. 2012/13இல் அரசாங்கம் எடுத்த குடும்ப வருமானச் செலவுக் கணக்கெடுப்பில் நாட்டிலேயே அதிக வறுமை முல்லைத்தீவு மாவட்டத்தில்தான் இருந்தது: நூற்றுக்கு 28.8 பேர். இந்திய வீட்டுத்திட்டத்தில் ஒரு வீட்டுக்கு ஐந்தரை இலட்சம் ரூபா, கட்டங்கட்டமாகக் கிடைத்தது. வீட்டை நாங்களே கட்ட வேண்டும். ஒரு கட்ட வேலையை முடித்துக் காட்டினால்தான் அடுத்த கட்டக் காசு. மண், சீமெந்து, மேசன் கூலி எல்லாம் ஏறிக்கொண்டே போன காலம் அது. அத்திவாரத்துக்கும் கூரைக்கும் நடுவில் காசு முடிந்த குடும்பங்கள் எங்கள் ஒழுங்கையிலேயே இருந்தன. கணவன் இல்லாத வீடுகள், காணாமல் ஆக்கப்பட்டவரைத் தேடிக்கொண்டிருந்த வீடுகள், காலிலோ கையிலோ ஊனப்பட்டவர் இருந்த வீடுகள். வங்கிக்குப் போனால் உறுதி கேட்டார்கள், அரச உத்தியோகத்தர் இருவரின் பிணை கேட்டார்கள். அந்த நேரத்தில்தான் மாங்குளம் வீதி வழியாக மோட்டார் சைக்கிளில், கழுத்தில் அடையாள அட்டையோடு, கம்பனிப் பெடியன்கள் வந்தார்கள். உறுதி வேண்டாம், பிணைக்கு ஆள் தேட வேண்டாம், பக்கத்து வீட்டுப் பெண்கள் சேர்ந்து ஒரு குழு அமைத்தால் போதும் என்றார்கள். மூன்று நாளில் காசு.

குழுவில் ஒருவர் கட்டாவிட்டால் மற்றவர்கள் கட்ட வேண்டும். கூட்டம் நடக்கும் வீட்டிலிருந்து, எல்லாருடைய காசும் சேரும் வரைக்கும் யாரும் எழும்ப முடியாது. சமைக்கப் போக வேண்டியவள், பிள்ளையைப் பள்ளிக்கூடத்திலிருந்து கூட்டிவர வேண்டியவள் எல்லாரும் ஒருத்திக்காகக் காத்திருப்பார்கள். கம்பனி பேசத் தேவையில்லை. அயலவர்களே அவளோடு கோபிப்பார்கள். போரின்போது ஒரே பதுங்குகுழியில் இருந்து பிழைத்த பெண்கள், 1,250 ரூபாவுக்காக ஒருவர் முகத்தை ஒருவர் பாராமல் போனதை நான் பார்த்திருக்கிறேன். இந்தத் தொழிலில் நான் சந்தித்த கொடுமைகளில் இதையே முதலில் வைப்பேன். உடைந்த வீட்டைத் திரும்பக் கட்டலாம். இப்படி உடைந்த அயலை எந்த நிவாரணத் திட்டமும் கட்டித் தராது.

இனி நான் சொன்ன அந்தக் காகிதம். கடன் எடுத்த ஒவ்வொரு பெண்ணிடமும் ஒரு மடிப்பு அட்டை இருக்கும். கிழமை, திகதி, கட்டிய தொகை, அறவிட்டவரின் கையொப்பம். பெரும்பாலும் அது குடும்ப அட்டை, பிறப்புச் சான்றிதழ், காணாமல் போனவருக்காகக் கொடுத்த முறைப்பாட்டின் பிரதி ஆகியவற்றோடு ஒரே பொலித்தீன் பையில் இருக்கும். நான் அதிகம் கண்ட வகைக் கணக்கு ஒன்றை இங்கே எழுதுகிறேன். கடன் 50,000 ரூபா. 52 கிழமை. கிழமைக்கு 1,250 ரூபா. மொத்தம் 65,000. "வருஷத்துக்கு 30 வீதம் எண்டுதான் பிள்ளை சொன்னவங்கள்" என்பார்கள். 50,000க்கு 15,000 வட்டி. மேலோட்டமாகப் பார்த்தால் 30 வீதம் சரிதான்.

ஆனால் அந்த 50,000 அவளிடம் ஒரு வருடம் இருக்கவில்லை. முதலாம் கிழமையிலேயே திருப்பிக் கொடுக்கத் தொடங்கிவிட்டாள். அரைவாசி வருடம் போகும்போது முதல் தொகையில் ஏறத்தாழப் பாதிதான் அவளிடம் நிற்கும்; வட்டி மட்டும் முழு 50,000க்கும் கடைசிக் கிழமை வரை போகும். அதோடு, காசு கையில் வரும்போதே ஆவணச் செலவு, காப்புறுதி என்று 2,000 ரூபா கழித்துவிடுகிறார்கள் என்று வைப்போம். அவள் உண்மையில் வாங்கியது 48,000. அந்த வருடம் முழுக்கச் சராசரியாக அவள் கையில் நின்ற கடன் ஏறக்குறைய 27,000 ரூபா. அதற்கு அவள் கொடுத்த விலை 17,000 ரூபா. வருடத்துக்கு 63 வீதம் வருகிறது. வட்டிக்கு வட்டி சேர்த்து, வங்கிகள் பயனுறு வட்டி என்று சொல்லும் முறையில் போட்டால் 87 வீதத்துக்குப் பக்கத்தில் போகும். 30 என்று சொல்லிக் கொடுத்த கடன் அது.

இந்தக் கணக்கை எப்படித் தொலைக்காட்சியில் காட்டுவது என்பதுதான் என்னைப் பல இரவுகள் தூங்கவிடாத கேள்வி. எழுத்தில் என்றால் வாசகர் திரும்பி வாசிக்கலாம். திரையில் ஒரு எண் வந்து போய்விடும். கடைசியில் நாங்கள் செய்தது மிக எளிமையானது. ஒரு மேசையில் 48,000 ரூபாவை நோட்டுகளாக அடுக்கினோம். கிழமை கிழமையாக 1,250ஐ எடுத்து மறுபக்கம் வைத்தோம். இந்தப் பக்கம் குறையக் குறைய, வட்டி மட்டும் குறையாமல் ஒரே அளவில் போவதை மேலிருந்து ஒரே காட்சியாகப் படம் பிடித்தோம். குரல் இல்லை, இசை இல்லை. ஒளிபரப்பான மறுநாள் தண்ணீரூற்றுச் சந்தியில் ஒரு ஐயா என்னை மறித்து, "பிள்ளை, நான் உழவு மெசினுக்கு எடுத்த லீசிங்கையும் உப்பிடித்தானே போட்டிருப்பாங்கள்?" என்று கேட்டார். அந்தக் கேள்விக்காகத்தான் நான் இந்த வேலையைச் செய்தேன். அவர் தன் காகிதத்தைத் தானே வாசிக்கத் தொடங்கிவிட்டார்.

ஆசிரியபீடத்தில் இது எளிதாக ஏற்கப்படவில்லை. "அழுற காட்சி ஒண்டும் இல்லையா?" என்பது எனக்கு அடிக்கடி வந்த கேள்வி. வன்னிப் பெண்ணின் அழுகை தொலைக்காட்சிக்குப் பழகிவிட்டது. 2009க்குப் பிறகு எத்தனை மைக்குகள் அந்த முகங்களுக்கு முன்னே நீட்டப்பட்டன! அழுகையைக் காட்டினால் பார்ப்பவர் இரங்குவார், சனல் மாற்றுவார், ஒரு கம்பனியும் அசையாது. கண்ணீருக்குக் கம்பனி பதில் சொல்ல வேண்டியதில்லை. எண்ணுக்குப் பதில் சொல்லியே ஆக வேண்டும். அதனால் பேட்டியில் யாராவது அழத் தொடங்கினால் கமராவை நிறுத்திவிடுவது என்று ஒளிப்பதிவாளரோடு பேசி வைத்திருந்தேன். அழுது முடித்து, தேத்தண்ணி குடித்து, பிறகு அட்டையை எடுத்து வைத்துக்கொண்டு பேசுவோம். அப்போது அவர்கள் பேசும் தொனியே மாறிவிடும். தங்கள் கணக்கைத் தாங்களே விளக்கும் பெண்கள் சாட்சிகள். அவர்களைப் பரிதாபப் பொருளாகக் காட்ட எனக்கு உரிமை இல்லை.

முகத்தை மறைப்பது பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் கொழும்பில் கற்றுக்கொடுக்கும் முறை எங்கள் ஊரில் உதவாது. முதுகுப் பக்கமாக இருத்தி, ஒளிக்கு எதிரே படம் பிடித்து, குரலை மாற்றினால் போதும் என்பார்கள். முள்ளியவளையில் போதாது. வீட்டுத்திட்ட வீடுகள் எல்லாம் ஒரே மாதிரி இருந்தாலும் சுவரில் எழுதிய இலக்கம் இருக்கும். வேலிக் கதியாலை வைத்தே எந்த வளவு என்று சொல்பவர்கள் இருக்கிறார்கள். பின்னணியில் கோயில் ஒலிபெருக்கி கேட்டால் எந்தக் குறிச்சி என்று தெரிந்துவிடும். கையை மட்டும் காட்டலாம் என்றால், கையில் ஷெல் துண்டு பட்ட தழும்பு இருக்கும். எங்கள் சனத்தை எங்கள் சனம் தழும்பை வைத்தே அடையாளம் காணும். ஆகவே பேட்டிகளை அவர்களின் வீட்டில் எடுப்பதை விட்டுவிட்டோம். வேறு ஊரில், தெரிந்த ஒருவரின் வெறும் அறையில், வேறு சீலை உடுத்தி, கையும் தெரியாமல் இருத்தினோம். சொன்னதை இன்னொரு பெண் வாசித்தார். அப்படி வாசிக்கப்படுகிறது என்பதைத் திரையிலும் எழுதினோம். பெயரில்லாச் சாட்சியை நம்பச் சொல்வதற்கு ஈடாக, அவருடைய அட்டையின் எண்களை, பெயரும் குழு இலக்கமும் மறைத்து, திரை முழுவதும் காட்டினோம்.

சில விடயங்களை நான் பெண் என்பதால் மட்டுமே கேட்க முடிந்தது. அறவிட வருபவர் பகலில் வராமல் பொழுதுபட்ட பிறகு வருவது, தவணைக்குப் பதிலாக வேறொன்றைக் கேட்பது. பாத்திரம் கழுவிக்கொண்டிருக்கும்போது, என் முகத்தைப் பாராமல் சொல்வார்கள். அவற்றில் பலவற்றை ஒளிபரப்ப வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார்கள், ஒளிபரப்பவில்லை. 2018இல் ஐக்கிய நாடுகள் சபையின் சுயாதீன நிபுணர் ஹுவான் பாப்லோ பொஹோஸ்லாவ்ஸ்கி இலங்கைக்கு வந்து பெண்களைச் சந்தித்தார். அந்த செப்டெம்பரில் கொழும்பில் வெளியிட்ட அறிக்கையில், வட்டி 220 வீதம் வரை போனதையும், அறவிடுவோர் பெண்களைப் பாலியல் ரீதியாக நெருக்கியதையும் வெளிப்படையாகச் சொன்னார். அன்று எனக்கு ஒரு பெண் தொலைபேசி எடுத்தார். "நான் சொல்லேல்ல. ஆனால் ஆரோ சொல்லிப்போட்டினம்" என்றார். அவர் குரலில் இருந்த ஆறுதலை நான் மறக்கவில்லை.

காகிதங்கள் வீட்டில் மட்டும் இல்லை. இந்தத் தொழிலுக்கு வரும் தம்பி தங்கைகளுக்கு நான் முதலில் காட்டுவது கம்பனிகள் பதிவாளர் திணைக்களத்தைத்தான். 2007ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கம்பனிகள் சட்டத்தின்கீழ் பதிவான எந்தக் கம்பனியின் கோவையையும் கட்டணம் செலுத்தி யாரும் பார்க்கலாம். பணிப்பாளர்கள் யார், பங்குகள் யாரிடம், எப்போது மாறின என்பதெல்லாம் அதில் இருக்கும். கிராமத்தில் மூன்று பெயர்ப்பலகைகளோடு போட்டி போடுவதாகத் தெரியும் கடைகள், மேலே ஒரே ஆட்களின் கையில் இருக்கலாம். அடுத்தது, மத்திய வங்கி வெளியிடும் உரிமம் பெற்ற நிறுவனங்களின் பட்டியல். 2011ஆம் ஆண்டின் நிதித்தொழில் சட்டத்தின் கீழா, 2016ஆம் ஆண்டின் 6ஆம் இலக்க நுண்நிதியளிப்புச் சட்டத்தின் கீழா, இரண்டிலுமே இல்லையா என்று முதலில் பார்க்க வேண்டும். இரண்டிலும் இல்லாத ஒருவர் ஊரில் கடன் கொடுத்துக்கொண்டிருந்தால், அதுவே தனிச் செய்தி.

பங்குச் சந்தையில் பதிவான நிதிக் கம்பனி என்றால் ஆண்டறிக்கை கிடைக்கும். அதைக் கண்டு பயப்படக் கூடாது. முன்பக்கங்களில் சிரிக்கும் பெண்களின் படங்கள், தையல் மெசின், ஆடு, கோழி எல்லாம் இருக்கும். அவற்றைத் தாண்டிக் கணக்குகளுக்குப் போங்கள். அந்த வருடத்தில் வந்த வட்டி வருமானத்தை, அவர்கள் கொடுத்து நிற்கும் கடனின் சராசரித் தொகையால் வகுத்துப் பாருங்கள். நிறுவனம் சராசரியாக எவ்வளவு வட்டி எடுக்கிறது என்பது தோராயமாக வெளியே வரும். நுண்கடனைத் தனிப் பிரிவாகக் காட்டியிருந்தால் இன்னும் நல்லது. முள்ளியவளைப் பெண்ணின் அட்டையில் நீங்கள் போட்ட கணக்கையும், கொழும்பில் கணக்காய்வாளர் கையொப்பமிட்ட அறிக்கையில் வரும் கணக்கையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால், "அது ஒரு கிளையில் நடந்த தவறு" என்ற பதிலைச் சொல்ல அவர்களுக்கு இடம் குறைந்துவிடும். எனக்கு இதைப் பொறுமையாகச் சொல்லித் தந்தவர் ஓய்வுபெற்ற ஒரு கணக்கியல் ஆசிரியர். தொலைக்காட்சிப் பயிற்சி எதிலும் இதை யாரும் எனக்குச் சொல்லவில்லை.

2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2017 பெப்ரவரியில் நடைமுறைக்கு வந்தபின் இன்னொரு கதவு திறந்தது. தனியார் கடன் கம்பனியிடம் நேரடியாக அந்தச் சட்டத்தைக் காட்டிக் கேட்க முடியாது. ஆனால் பிரதேச செயலகத்துக்கு எத்தனை முறைப்பாடுகள் வந்தன, கூட்டங்களில் என்ன தீர்மானம் எடுக்கப்பட்டது, அது யாருக்கு அனுப்பப்பட்டது என்று அரச அலுவலகத்திடம் கேட்கலாம். 14 வேலை நாட்களுக்குள் முடிவு சொல்ல வேண்டும். இல்லையென்றால் மேன்முறையீடு செய்யலாம். பெண்களுக்கு நான் சொன்ன இன்னொரு வழி கடன் தகவல் பணியகம். எல்லாரும் கிறிப் என்று சொல்வது. ஒருவர் தன் பெயரில் என்னென்ன கடன் பதிவாகியிருக்கிறது என்ற அறிக்கையைத் தானே எடுக்கலாம். தான் பிணைக்கு மட்டும் கையெழுத்து வைத்ததாக நினைத்திருந்த கடன் தன் பெயரிலேயே நிற்பதை அப்படிக் கண்டுபிடித்தவர்களை எனக்குத் தெரியும்.

கம்பனியின் பக்கத்தையும் முழுமையாகக் கேட்க வேண்டும். இதில் நான் விட்டுக்கொடுத்ததே இல்லை. ஒளிபரப்புக்கு முன் கேள்விகளை எழுத்தில் அனுப்பி, போதிய நாள் கொடுப்போம். ஏன் மக்களை வாட்டுகிறீர்கள் என்று கேட்டால் அறிக்கைதான் வரும். இந்த அட்டையிலுள்ள கடனின் வருடாந்தப் பயனுறு வட்டி எவ்வளவு, கழித்த 2,000 ரூபா எதற்கு, ஒப்பந்தம் எந்த மொழியில் இருந்தது, தமிழில் விளக்கியவர் யார் என்று கேட்க வேண்டும். நான் பார்த்த ஒப்பந்தங்கள் பல, கையெழுத்து வைத்தவருக்கு வாசிக்கத் தெரியாத மொழியில் இருந்தன. வந்த பதில்களை வெட்டாமல் வாசித்தோம். 2002இல் குற்றவியல் அவதூறுச் சட்டம் நீக்கப்பட்டதால் அவதூறுக்காகச் சிறைக்குப் போகும் பயம் இல்லை. ஆனால் பல கோடி நட்டஈடு கேட்டுச் சட்டத்தரணி கடிதம் வரும். அந்தக் கடிதம் வந்த நாளில் உங்களிடம் அட்டையின் படம், அனுப்பிய கேள்வி, வந்த பதில், திகதிகள் எல்லாம் ஒரே கோவையில் இருக்க வேண்டும். இருந்தால் நித்திரை வரும்.

அறவிட வந்த பெடியன்களைப் பற்றியும் நியாயமாகச் சொல்ல வேண்டும். அவர்கள் அந்நியர்கள் இல்லை. ஒட்டுசுட்டானிலும் குமுழமுனையிலும் பிறந்து, உயர்தரம் படித்து, வேறு வேலை இல்லாமல் அதற்குப் போனவர்கள். வேலையை விட்டு வந்த ஒருவர் என்னிடம் இரண்டு மணித்தியாலம் பேசினார். கிழமைக்கு இவ்வளவு சேர்க்க வேண்டும் என்ற இலக்கு, சேராவிட்டால் கூட்டத்தில் எல்லார் முன்னும் நிறுத்தி ஏசுவது, ஒரு பெண் பழைய கடனைக் கட்ட முடியாமல் நின்றால் அதை அடைக்கப் புதுக் கடன் கொடுத்து நிலுவை இல்லாத கணக்காகக் காட்டச் சொல்வது. "காசில்லாமல் கந்தோருக்குத் திரும்பிப் போகேலாது அக்கா. நானும் ஒரு தாய் வயித்துப் பிள்ளைதான்" என்றார். அந்தப் புதுக்கடன் விவகாரத்தை அவர் சொன்ன பிறகுதான், ஒரே பெண்ணின் பையில் ஐந்தாறு அட்டைகள் ஏன் இருக்கின்றன என்பது எனக்கு முழுதாக விளங்கியது. ஆசையால் வாங்கிக் குவித்ததாகப் பேசிய மேதாவிகள் அந்தத் திகதிகளை ஒருமுறை வரிசையாக வைத்துப் பார்த்திருக்க வேண்டும். ஒன்று முடியும் கிழமையும் அடுத்தது தொடங்கும் கிழமையும் ஒன்றாகவே இருக்கும்.

எங்கள் தொழிலின் பலவீனத்தை மறைக்க மாட்டேன். நிதிக் கம்பனிகள் தொலைக்காட்சியின் பெரிய விளம்பரதாரர்கள். நான் வேலை செய்த ஓர் இடத்தில், முடித்துக் கொடுத்த நிகழ்ச்சி வாரக்கணக்கில் அலமாரியில் கிடந்தது. காரணம் யாரும் எழுத்தில் சொல்லவில்லை. பிராந்தியச் செய்தியாளருக்கு மாதச் சம்பளம் இல்லை, ஒளிபரப்பான செய்திக்குத்தான் காசு. மாதக்கணக்கில் ஒரு கோவையோடு மினக்கெடுபவருக்கு அந்த மாதங்களில் அடுப்பு எரிய வேறு வழி வேண்டும். வட்டாப்பளை அம்மன் பொங்கலுக்குத் தாகசாந்திப் பந்தல் போடும் கம்பனியைப் பற்றி நீ ஏன் இப்படி எழுதுகிறாய் என்று சொந்தக்காரரே கேட்பார்கள். சாதாரண உடையில் வந்து, என்ன வீடியோ, யாருக்கு அனுப்புகிறாய் என்று கேட்டவர்களும் உண்டு. எங்களுக்குப் பக்கத்து முறிப்பில் 2020 ஒக்டோபர் 12ஆம் திகதி, சட்டவிரோத மரக்கடத்தலைப் படம் எடுக்கப் போன ஊடகவியலாளர்கள் கணபதிப்பிள்ளை குமணனும் சண்முகம் தவசீலனும் தாக்கப்பட்டார்கள். காட்டுமரமோ கடனோ, இங்கே காசு எந்த வழியால் போகிறது என்று தேடுபவருக்கு அடி விழக்கூடும் என்பதை எல்லாரும் அறிவோம்.

இந்த வேலைகளால் எதுவும் மாறவில்லையா என்று கேட்டால், மாறியது. பெண்கள் வீதிக்கு வந்ததால், சங்கங்கள் மனுக் கொடுத்ததால், செய்தியாளர்கள் விடாமல் எழுதியதால், எல்லாம் சேர்ந்து மாறியது. 2018இல் நிதியமைச்சர் மங்கள சமரவீர, வறட்சியால் பாதிக்கப்பட்ட மாவட்டங்களில் பெண்கள் பெற்ற ஒரு இலட்சம் ரூபாவுக்கு உட்பட்ட, தவணை தவறிய நுண்கடன்களைத் தள்ளுபடி செய்யும் திட்டத்தை அறிவித்தார். அந்த வருடக் கடைசியில் மத்திய வங்கி, தன் உரிமம் பெற்ற நிறுவனங்களின் நுண்கடனுக்கு வருடம் 35 வீதம் என்று பயனுறு வட்டியின் உச்ச எல்லையை விதித்தது. எங்கள் பழைய அட்டையில் அதைப் போட்டுப் பார்த்தால் 1,250 இருந்த இடத்தில் 1,120 ரூபாவுக்கும் குறைவாக வரும். ஒரு வருடத்துக்குக் கிட்டத்தட்ட 7,000 ரூபா மிச்சம். நல்ல முடிவுதான். ஆனால் தள்ளுபடி, தவணை தவறியவர்களுக்கு மட்டும். தோட்டை அடகு வைத்து, ஆட்டை விற்று, மானத்துக்குப் பயந்து ஒழுங்காகக் கட்டியவர்களுக்கு ஒன்றும் கிடைக்கவில்லை. அவர்களிடமிருந்து 87 வீதம் வாங்கியதற்கு எந்தக் கம்பனியும் இன்றுவரை கணக்குக் கொடுக்கவில்லை. அதை நான் தீராத வழக்காகவே பார்க்கிறேன்.

இந்தியாவில் ஆந்திரப் பிரதேசத்தில் இதே நோய் எங்களுக்கு முன்பே வந்தது. 2010 ஓகஸ்டில் எஸ்.கே.எஸ். நுண்கடன் நிறுவனம் பங்குச் சந்தைக்கு வந்தது. ஒக்டோபரில், கடனாளிப் பெண்களின் தற்கொலைகளைத் தொடர்ந்து, மாநில அரசு அவசரச் சட்டம் கொண்டுவந்து வாராந்தத் தவணையை மாதத் தவணையாக்கியது. எங்கள் வீடுகளுக்குக் கம்பனிப் பெடியன்கள் வந்துகொண்டிருந்த காலத்தில் அந்தப் பாடம் பக்கத்து நாட்டில் திறந்தே கிடந்தது. தமிழ்த் தொலைக்காட்சியில் அதை யாரும் எங்களுக்கு எடுத்துச் சொல்லவில்லை. அதேபோல 2021 மார்ச்சில் பொலன்னறுவை மாவட்டம் ஹிங்குராக்கொடையில் சிங்களப் பெண்கள் நுண்கடனுக்கு எதிராகச் சத்தியாக்கிரகம் இருந்தபோது, அவர்களின் கையில் இருந்ததும் எங்கள் பெண்களிடம் இருந்த அதே மாதிரி அட்டைதான். அந்த இரண்டு அட்டைகளையும் ஒரே திரையில், இரண்டு மொழியிலும் காட்டியிருந்தால், இதை வடக்கின் அழுகை என்றும் தெற்கின் அழுகை என்றும் பிரித்துப் பார்க்க அதிகாரத்தில் இருந்தவர்களால் முடிந்திராது. ஒரு சிங்களத் தோழியோடு சேர்ந்து அதைக் கொஞ்சம் செய்தேன். இன்னும் பலர் செய்ய வேண்டியிருக்கிறது.

இப்போது வலை வேறு வடிவில் வருகிறது. மாமரத்தடிக் கூட்டம் தேவையில்லை, கைத்தொலைபேசி போதும். எம்.டி.எஃப்.இ. போன்ற முதலீட்டுச் செயலிகளை மத்திய வங்கி 2023இல் தடைசெய்யப்பட்ட பிரமிட் திட்டங்களின் பட்டியலில் சேர்த்தது. அதற்குள் நாடு முழுவதும் பலர் காசைப் போட்டுவிட்டார்கள். அந்த ஓகஸ்டிலேயே எம்.டி.எஃப்.இ. கவிழ்ந்தது. வங்கித்தொழில் சட்டத்தின் 83இ பிரிவின்படி அத்தகைய திட்டத்தை நடத்துவது மட்டுமல்ல, ஆட்களைச் சேர்ப்பதும் குற்றம். சேர்த்துவிட்டவர் பெரும்பாலும் மச்சானோ, பள்ளித் தோழனோ, ரியூஷன் சேரோதான். குழுக்கடனில் அயலை வைத்து அயலை நெருக்கியவர்கள் இருந்தார்கள். இதில் உறவை வைத்து உறவைப் பிடிக்கிறார்கள். இங்கே அட்டையும் இல்லை. திரைப்பிடிப்புகள்தான் ஆவணம். ஆகவே இளைய செய்தியாளர்களுக்கு வேலை கூடியிருக்கிறது.

வாசிப்பவர்களிடம் ஒன்று கேட்கிறேன். உங்கள் வீட்டில், அம்மாவின் பெட்டியில், பழைய கடன் அட்டையோ பற்றுச்சீட்டோ இருந்தால் கட்டி முடிந்தது என்று எறிந்துவிடாதீர்கள். போட்டோக்கொப்பி எடுத்து வையுங்கள். புதிதாகக் கடன் எடுக்கப் போனால் வட்டி எத்தனை வீதம் என்று மட்டும் கேட்காமல், குறைந்துசெல்லும் மீதிக்கா முழுத் தொகைக்கா என்று கேளுங்கள். கையில் தரும் காசில் என்ன கழிக்கிறார்கள் என்று கேளுங்கள். ஒப்பந்தத்தைத் தமிழில் கேளுங்கள். கட்டாவிட்டால் பொலிஸ் பிடிக்கும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். கடன் அறவிடுவது நீதிமன்ற வழக்கு, பொலிஸாரின் வேலை அல்ல. கடைசிக் கிழமைக் காசைக் கொடுக்கும் அன்று, கடன் தீர்ந்தது என்று கம்பனி முத்திரையோடு ஒரு கடிதம் எழுதி வாங்காமல் அந்தக் கதிரையை விட்டு எழும்பாதீர்கள்.